நாடகக்காரர்களும் அவர்களைப் பற்றிய புத்தகங்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தமிழ் நாடகத்தைப் பற்றி எதைப் படிக்கலாம் என்று கேட்பவர்களில் பல வகை உண்டு. புதிதாக நாடகம் போடும் இளைஞர்கள், ஆய்வு மாணவர்கள், பழைய சினிமாவில் தொடங்கிப் பின்னால் போகிறவர்கள், "எங்கள் தாத்தா நாடகக் கம்பெனியில் இருந்தாராம்" என்று தயங்கிச் சொல்பவர்கள். கேள்விகள் மட்டும் திரும்பத் திரும்ப ஒன்றாகவே இருக்கின்றன. அவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். பதில்களில் என் விருப்பு வெறுப்பு தாராளமாகவே இருக்கும்.

ஒரே ஒரு புத்தகம்தான் படிக்க நேரமிருக்கிறது. எதை எடுக்கலாம்?

யோசிக்காமல் சொல்வேன்: அவ்வை தி.க.சண்முகம் எழுதிய 'எனது நாடக வாழ்க்கை'. 1972-ல் வெளிவந்தது. அடுத்த வருடமே அவர் காலமானார்.

சண்முகம் 1918-ல், ஆறு வயதில், மதுரையில் நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகளின் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் அண்ணன்கள் சங்கரன், முத்துசாமி இருவரோடும் சேர்ந்தார். அப்பா கண்ணுசாமிப் பிள்ளையும் பெண்வேடத்தில் பெயர் வாங்கியவர். அதனால் வெளியிலிருந்து வந்து வியந்து பார்ப்பவரின் குரல் இந்தப் புத்தகத்தில் கிடையாது. கம்பெனி வீட்டிலேயே சாப்பிட்டு, தூங்கி, அடி வாங்கி, பாடம் படித்து வளர்ந்த பையன் பேசுகிறான்.

சுவாமிகளைப் பற்றிய பகுதிகளுக்காகவே இதைப் படிக்கலாம். சண்முகம் அபிமன்யுவாக நடிப்பதற்காக 'அபிமன்யு சுந்தரி' நாடகத்தைச் சுவாமிகள் ஒரே இரவில் எழுதி முடித்த கதை நாடக உலகில் எல்லோருக்கும் தெரியும். விளக்கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தவர் விடிவதற்குள் பாட்டும் வசனமுமாக முழு நாடகத்தையும் முடித்துவிட்டாராம். அந்த மனிதருக்கே பிறகு பக்கவாதம் வந்து பேச்சு நின்றுபோகிறது. 1922-ல் புதுச்சேரியில் இறந்துபோகிறார். இரண்டையும் பக்கத்திலிருந்து பார்த்த சிறுவன் பெரியவனாகி எழுதும்போது, வாத்தியார் மீதிருந்த பயமும் பாசமும் அப்படியே இருக்கின்றன.

1925-ல் சகோதரர்கள் சொந்தக் கம்பெனி தொடங்கிய பிறகு புத்தகம் வேறு மாதிரி ஆகிவிடுகிறது. எந்த ஊரில் வசூல், எந்த ஊரில் நஷ்டம், யார் கம்பெனியை விட்டுப் போனார், யார் திரும்பி வந்தார் என்பதெல்லாம் வருகிறது. சிலருக்கு இந்த இடம் சலிப்பூட்டலாம். எனக்குப் புத்தகத்தின் உயிரே இங்கேதான் இருக்கிறது. நாடகம் கலை என்பது சரி, ஆனால் மறுநாள் அத்தனை பேருக்கும் சோறு போட்டாக வேண்டும். இந்த இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லும் புத்தகம் தமிழில் இதைப்போல் இன்னொன்று இல்லை.

(1942-ல் 'அவ்வையார்' நாடகத்தில் கிழவியாக நடித்தபோது அவருக்கு வயது முப்பதுதான். 'அவ்வை' என்ற பட்டம் அதில் வந்தது. 'அவ்வை சண்முகி' படத்தின் பெயர் எங்கிருந்து வந்தது என்பதும் இப்போது புரிந்திருக்கும்.)

பம்மல் சம்பந்த முதலியாரை விட்டுவிட்டீர்களே?

விடவில்லை. 'நாடகமேடை நினைவுகள்' ஆறு பாகம். ஒரே ஒரு புத்தகம் என்று கேட்டவரிடம் ஆறு பாகத்தை நீட்டுவது நியாயமில்லை.

சம்பந்த முதலியார் (1873–1964) முற்றிலும் வேறு உலகம். சிறு வழக்கு நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தவர். சிறு வயதில் தமிழ் நாடகம் என்றாலே அவருக்கு இளக்காரம். 1891-ல் பல்லாரி கிருஷ்ணமாச்சாரியாரின் குழு சென்னைக்கு வந்து போட்ட தெலுங்கு நாடகத்தைப் பார்த்ததும் மனம் மாறி, அதே வருடம் நண்பர்களோடு சுகுண விலாச சபையைத் தொடங்கினார். அப்போது அவருக்குப் பதினெட்டு வயது. வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் முகத்தில் வர்ணம் பூசிக்கொண்டு மேடையேறுவது அன்றைக்குச் சாதாரண விஷயமில்லை. 'கூத்தாடி' என்ற வசவிலிருந்து நடிப்பை மீட்க வேண்டும் என்பதுதான் ஆறு பாகத்திலும் அவருடைய ஒரே வழக்கு. நீதிபதி அல்லவா, சாட்சியங்களை வரிசையாக அடுக்குகிறார்.

நடை பழையது, ஆனால் கடினமில்லை. தன் பெருமையைத் தயங்காமல் பேசுவார். அதே தயக்கமின்மையோடு, மேடையில் எது சொதப்பியது என்பதையும் சொல்வார். இளம் நடிகர்களுக்குப் புத்திமதி சொல்லாமல் அவரால் சில பக்கங்களைத் தாண்ட முடியாது. புத்திமதிகளைத் தாண்டிப் போகலாம், தப்பில்லை. ஆனால் சி.ரங்கவடிவேலு வரும் பக்கங்களைத் தாண்டாதீர்கள். முதலியாருக்கு இணையாகப் பல காலம் கதாநாயகியாக நடித்த நண்பர் இவர். மேடையில் ஒருவரை ஒருவர் நம்பி நிற்பது எப்படிப்பட்ட உறவு என்பதை அங்கே பார்க்கலாம்.

ஷேக்ஸ்பியரை 'அமலாதித்யன்', 'வாணிபுர வணிகன்' என்று தமிழ்ப்படுத்தியதைப் பற்றியும் எழுதியிருக்கிறார். மொழிபெயர்ப்பில் ஆர்வமுள்ளவர்கள் அங்கிருந்தே தொடங்கலாம்.

இந்த நினைவுக் குறிப்புகளை எவ்வளவு நம்பலாம்?

தேதியையும் ஊரையும் பெரும்பாலும் நம்பலாம். மனிதர்களைப் பற்றிய தீர்ப்புகளைச் சற்றுச் சந்தேகத்தோடு படியுங்கள்.

யார் எழுதினார்கள் என்று பாருங்கள். ஒருவர் கம்பெனி முதலாளி, இன்னொருவர் சபையின் தலைவர்களில் ஒருவர். சீன் இழுத்தவர், ஆர்மோனியம் வாசித்தவர், அரிதாரம் பூசிவிட்டவர், இருநூறு பையன்களுக்குச் சமைத்த சமையல்காரர் என்று யாரும் எழுதவில்லை. சிறுவர்களையே வைத்து நாடகம் போட்ட பாய்ஸ் கம்பெனியில் மகரக்கட்டு வந்து குரல் உடைந்த பையன் என்ன ஆனான்? அதுவரை பாடியவன், ஸ்திரீபார்ட் (பெண்வேடம்) போட்டவன், ஒரே மாதத்தில் வேலைக்கு ஆகாதவனாகிவிடுவான். சிலர் குரல் தேறி ராஜபார்ட் (கதாநாயக வேடம்) ஆனார்கள், சிலருக்கு சினிமா கிடைத்தது. மற்றவர்களைப் பற்றி முதலாளியின் புத்தகத்தில் ஒரு வரி இருந்தால் பெரிது. அதுவும் "கம்பெனியை விட்டு விலகினான்" என்ற மாதிரி வரியாகத்தான் இருக்கும்.

அதனால் நான் இந்தப் புத்தகங்களை ஓரத்திலிருந்து படிப்பேன். பெரிய மனிதர் தன் சாதனையைச் சொல்லிக்கொண்டு போகும்போது போகிற போக்கில் யார் பெயர் விழுகிறது, யாருக்குப் பெயரே இல்லை என்று கவனித்தால், இன்னொரு நாடக வரலாறு தெரியவரும்.

கம்பெனிப் பையன்களின் பக்கத்திலிருந்து எழுதியது எதுவுமே இல்லையா?

சினிமாவில் பெயர் வாங்கியவர்கள் மூலம் கொஞ்சம் கிடைக்கிறது. மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்த எம்.ஜி.ஆர். 'நான் ஏன் பிறந்தேன்' தொடரில் அந்த நாட்களைச் சொல்லியிருக்கிறார். சிவாஜி கணேசனின் 'எனது சுயசரிதை'யிலும் கம்பெனி வாழ்க்கை உண்டு. அநாதை என்று பொய் சொல்லிக் கம்பெனியில் சேர்ந்த கதையை அதில் படிக்கலாம்.

ஆனால் என் தேர்வு எம்.ஆர்.ராதாதான். எம்.ஜி.ஆரைச் சுட்ட வழக்கில் சிறைக்குப் போய் 1971-ல் வெளியே வந்த ராதாவை எழுத்தாளர் விந்தன் உட்கார்த்திப் பேசவைத்து எழுதியது 'சிறைச்சாலைச் சிந்தனைகள்'. ராதாவுக்கு யாரிடமும் நல்ல பெயர் வாங்க வேண்டிய அவசியம் இல்லை. முதலாளிகளையும் பக்திமான்களையும் சக நடிகர்களையும் ஒரே தராசில் போட்டு அடிக்கிறார். அத்தனையும் நடந்ததா என்று கேட்காதீர்கள். பேச்சைக் கேளுங்கள், அந்தக் குரல் பக்கத்தில் அப்படியே இருக்கிறது.

நடிகைகள் எழுதிய புத்தகம் ஏன் கண்ணில் படுவதில்லை?

முக்கியமான கேள்வி, சங்கடமான கேள்வியும்கூட.

தமிழ் மேடையில் பெண்கள் இல்லாமல் இல்லை. கும்பகோணத்தில் பாலாமணி அம்மாள் பெண்களை வைத்துச் சொந்தக் கம்பெனியே நடத்தினார். அவர் நாடகத்துக்கு ஆட்களை ஏற்றிவரத் தனி ரயில் விட்டார்கள் என்று இன்றைக்கும் பேசுகிறார்கள். கே.பி.சுந்தராம்பாள் மேடைப் பாட்டால் தென்னாட்டையும் இலங்கையையும் கட்டிப்போட்டவர். ஆனால் இவர்களைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி ஆண்கள் எழுதியது. ரசிகர்களும் சக நடிகர்களும் பிற்காலத்தில் வரலாறு தொகுத்தவர்களும் சொல்லித்தான் அறிகிறோம். மேடையேறிய பெண்ணின் ஒழுக்கத்தை ஊர் ஓயாமல் விசாரித்த காலத்தில், அவள் பேனா எடுத்து "நான்" என்று எழுதுவது எளிதாகவா இருந்திருக்கும்?

இதற்கு ஒப்பிட வங்காளத்துக்குப் போக வேண்டும். கல்கத்தாவின் பினோதினி தாசி பன்னிரண்டு வயதை ஒட்டி மேடைக்கு வந்து, புகழின் உச்சியில் இருபதுகளின் நடுவிலேயே விலகியவர். 1910களில் 'ஆமார் கதா' என்ற தன்வரலாற்றை வெளியிட்டார். 1883-ல் ஒரு நாடக அரங்கம் கட்டப் பணம் போட்ட செல்வந்தர், பினோதினி தனக்கு வேண்டும் என்று நிபந்தனை வைக்கிறார். கூட இருந்தவர்கள் வற்புறுத்த, பினோதினி சம்மதிக்கிறார். அரங்கத்துக்கு அவர் பெயரை வைப்பதாகச் சொல்லிவிட்டுக் கடைசியில் 'ஸ்டார்' என்று பதிவு செய்துவிடுகிறார்கள். இதை அழாமல், மறைக்காமல் எழுதியிருக்கிறார். அவருடைய குரு கிரீஷ் சந்திர கோஷ் எழுதித் தந்த முன்னுரை உண்மைகளை விட்டுவிட்டது என்று முதலில் ஏற்க மறுத்தவரும் அவர்தான். ரிம்லி பட்டாச்சார்யாவின் ஆங்கில மொழிபெயர்ப்பு இருக்கிறது.

தமிழில் இன்றைய ஸ்பெஷல் நாடகப் பெண்களைப் பற்றி அறிய, சூசன் சைசர் என்ற அமெரிக்க மானிடவியலாளர் மதுரைப் பக்கம் தங்கி ஆய்ந்து 2005-ல் ஆங்கிலத்தில் வெளியிட்ட புத்தகம் உதவும். ஸ்பெஷல் நாடகத்தில் நிரந்தரக் கம்பெனி கிடையாது. ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் இன்னொரு ஊர், பபூனும் ஆர்மோனியக்காரரும் வேறு ஊர். ஒத்திகை இல்லாமல் அன்றிரவு மேடையில் சந்தித்து விடியவிடிய 'வள்ளி திருமணம்' நடத்துவார்கள். அந்த நடிகைகள் இரவில் ஊருக்கு ஊர் எப்படிப் பயணம் போகிறார்கள், பக்கத்து வீட்டாருக்கு எதைக் காட்டுகிறார்கள், எதை மறைக்கிறார்கள் என்று எழுதியிருக்கும் பகுதி மட்டுமே போதும், புத்தகத்தின் விலைக்கு. நாடகத்தில் பெண்கள் என்ற விஷயத்தை அகில இந்திய அளவில் பார்க்க, இயக்குநர் அ.மங்கை ஆங்கிலத்தில் எழுதிய ஆய்வு (2015) இருக்கிறது.

நினைவுக் குறிப்பு அலங்காரம் பூசிக்கொள்ளும். அப்படிப் பூசாத ஆவணம் ஏதாவது?

இருக்கிறது. மதுரகவி பாஸ்கரதாஸின் நாட்குறிப்புகள்.

பாஸ்கரதாஸ் (1892–1952) நாடகத்துக்கும் இசைத்தட்டுக்கும் பாட்டு எழுதியவர். வெள்ளைக்காரனைக் கொக்காக்கி நடிகர் விஸ்வநாததாஸ் மேடையில் முருகன் வேடத்தில் நின்று பாடிய பாட்டு அவருடையது. முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) படத்துக்கும் பாட்டு எழுதினார். அவருடைய நாட்குறிப்புகளைப் பேரனும் நாடக இயக்குநருமான ச.முருகபூபதி தொகுத்து 2009-ல் புத்தகமாக வந்தது.

கதை மாதிரி படிக்க முடியாது. இன்று இந்த ஊர் போனேன், இவர் வந்தார், இந்தப் பாட்டு எழுதினேன், இவ்வளவு ரூபாய் என்று சின்னச் சின்னக் குறிப்புகள். ஆனால் இருபது பக்கம் பொறுத்தால், பாட்டு வாத்தியாரைத் தேடி யார் யார் வருகிறார்கள், பணம் எங்கே புரள்கிறது, எந்த ரயில் எங்கே போகிறது என்று ஒரு தொழிலின் வரைபடமே விரியும். யாருக்காகவும் எழுதாததால் பொய் சொல்லத் தேவையிருக்கவில்லை. இந்தப் பட்டியலில் மிகக் குறைவாகப் பேசப்படும் புத்தகம் இதுவாகத்தான் இருக்கும்.

தெருக்கூத்து பற்றி எதைப் படிக்கலாம்?

முதலில் ஒரு கூத்தைப் பாருங்கள். திரௌபதி அம்மன் கோயில் விழாவில் பகலில் பாரதப் பிரசங்கம் நடக்கும், இரவில் கூத்து, கடைசி நாள் காலையில் துரியோதனன் விழுவதை நடித்துக் காட்டும் படுகளம். அதைப் பார்க்காமல் எத்தனை பக்கம் படித்தாலும் மனதில் ஒட்டாது.

பார்த்த பிறகு ந.முத்துசாமியின் 'அன்று பூட்டிய வண்டி'. நவீன நாடகக்காரர் ஒருவர் கூத்தைப் பார்த்து அசந்துபோய், இத்தனை நாள் இதை எப்படித் தவறவிட்டோம் என்ற பதற்றத்தோடு எழுதிய கட்டுரைகள். கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழுவை அவர் 1977-ல் தொடங்கியதற்கும் கூத்துக் கலைஞர் புரிசை கண்ணப்ப தம்பிரானோடு அவருக்கிருந்த உறவுக்கும் காரணம் அதில் தெரியும்.

ஆங்கிலம் படிப்பவர்களுக்கு ரிச்சர்ட் ஃப்ராஸ்காவின் புத்தகமும் (1990) ஹன்னே டி புருயினின் புத்தகமும் (1999) உண்டு. இரண்டாமவர் கூத்துக் கலைஞர் பெ.ராஜகோபாலோடு காஞ்சிபுரம் பக்கம் கூத்துப் பள்ளி நடத்தியவர். ஆதலால் அவர் புத்தகத்தில் கலைஞர்களின் சம்பளக் கணக்கும் குழுச் சண்டையும்கூட மதிப்போடு இடம்பெறுகின்றன.

ஈழத்து நாடகத்துக்கு?

கலையரசு சொர்ணலிங்கத்தின் 'ஈழத்தில் நாடகமும் நானும்' (1968). சம்பந்த முதலியாரின் சபை கொழும்புக்கு வந்து நாடகம் போட்டதைப் பார்த்து, அவரையே குருவாக வரித்துக்கொண்டவர் இவர். 'நாடகமேடை நினைவுகள்' படித்த கையோடு இதை எடுத்தால், ஒரே அலை கடலின் இரண்டு கரையிலும் எப்படி அடித்தது என்று தெரியும்.

அங்கே ஒரு விஷயத்தில் நம்மைவிட நன்றாகச் செய்தார்கள். பல்கலைக்கழகக்காரர்கள் கூத்தாடும் அண்ணாவிமாரை, அதாவது கூத்து ஆசிரியர்களை, தேடிப் போனார்கள். பேராசிரியர் சு.வித்தியானந்தன் 1960களில் மன்னார்ப் பக்கத்து நாடக ஏடுகளைப் பதிப்பித்தார், பேராதனை மாணவர்களை வைத்து மட்டக்களப்புக் கூத்தை மேடையேற்றினார். அதில் ஆடிய மாணவர் சி.மௌனகுரு பிறகு மட்டக்களப்பு மரபுவழி நாடகங்களைப் பற்றிப் பெரிய ஆய்வு எழுதினார். ஆடத் தெரிந்தவர் எழுதிய ஆய்வு என்பது பக்கத்துக்குப் பக்கம் தெரியும். பழங்காலத்துக்குப் போக விரும்பினால் கா.சிவத்தம்பியின் 'பண்டைத் தமிழ்ச் சமூகத்தில் நாடகம்'. மெதுவாகத்தான் நகரும், அவசரப்படாதீர்கள்.

நடிப்புக் கற்றுக்கொள்ளப் புத்தகம் சொல்லுங்கள்.

புத்தகத்தில் நீச்சல் கற்க முடியாது. ஆனாலும் கேட்பீர்கள். பேராசிரியர் சே.இராமானுஜத்தின் 'நாடகப் படைப்பாக்கம்: அடித்தளங்கள்' தமிழில் இயக்குநர் வேலையை ஒழுங்காகச் சொல்லித்தருகிறது. ஸ்தனிஸ்லாவ்ஸ்கியைப் படிப்பதானால் பயிற்சி நூல்களை விட்டுவிட்டு, 1924-ல் வந்த அவருடைய தன்வரலாற்றிலிருந்து தொடங்குங்கள். அந்தப் பயிற்சிகள் எந்தத் தோல்விகளிலிருந்து பிறந்தன என்று தெரிந்தால், அவற்றை வேதமாக்கிக்கொள்ள மாட்டீர்கள்.

பழைய இலக்கண நூல்கள் தேவையா?

ஆய்வாளருக்குத் தேவை. பரிதிமாற் கலைஞரின் 'நாடகவியல்' (1897), விபுலானந்தரின் 'மதங்க சூளாமணி' (1926) இரண்டும் போதும். ஷேக்ஸ்பியரை எடுத்துக்கொண்டு விபுலானந்தர் பேசும் விதம் இப்போதும் புதிதாகவே இருக்கிறது. மற்றவர்கள் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

இவையெல்லாம் எங்கே கிடைக்கும்?

சம்பந்த முதலியார், தி.க.சண்முகம் இருவருடைய நூல்களும் நாட்டுடைமை ஆனவை. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் தேடுங்கள், காசு வேண்டாம். ஈழத்து நூல்களுக்கு 'நூலகம்' என்ற இணையதளம். மற்றவற்றுக்குப் பழைய புத்தகக் கடையும், சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமும். பழைய நாடக நோட்டீஸ்களும் பாட்டுப் புத்தகங்களும் பார்க்க வேண்டுமென்றாலும் அங்கேதான் போக வேண்டும்.

எங்கள் தாத்தா ஸ்பெஷல் நாடகத்தில் ஆர்மோனியம் வாசித்தவர். அவரைப் பற்றி எழுத ஆசை. எனக்கு எழுத்துப் பழக்கம் இல்லை. எப்படித் தொடங்குவது?

எழுதத் தொடங்காதீர்கள், முதலில் கேளுங்கள். செல்போனில் பதிவு போட்டுவிட்டு, "உங்கள் வாழ்க்கையைச் சொல்லுங்கள் தாத்தா" என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். பொதுமேடைப் பேச்சுதான் வரும். சின்னதாகக் கேளுங்கள். முதல் நாடகத்துக்கு எவ்வளவு கொடுத்தார்கள்? முன்பணம் யார் கையிலிருந்து வந்தது? ஆர்மோனியப் பெட்டியை பஸ்ஸில் எங்கே வைப்பீர்கள்? எந்த ராஜபார்ட் எந்தக் கட்டையில் (சுருதியில்) பாடுவார்? பாடகர் சுருதியை விட்டால் எப்படி இழுத்துப் பிடிப்பீர்கள்? தர்க்கம் நீண்டுபோனால் யார் கண் காட்டுவார்? விடிந்ததும் எங்கே டீ குடிப்பீர்கள்?

அவர் வாசித்துக் காட்டினால் அதையும் பதிவு செய்யுங்கள். பரணில் நோட்டீஸ் இருந்தால் இரண்டு பக்கமும் படமெடுங்கள். அச்சகத்தின் பெயர், தேதி, கடைசி வரியில் பொடி எழுத்தில் இருக்கும் பக்கவாத்தியக்காரர்கள் பெயர் எதையும் வெட்டிவிடாதீர்கள். கூட வாசித்த மிருதங்கக்காரர் உயிரோடு இருந்தால் இருவரையும் ஒன்றாக உட்காரவையுங்கள். ஒருவர் மறந்ததை மற்றவர் சொல்வார், ஒருவர் அளந்து விட்டதை மற்றவர் அங்கேயே மறுப்பார். பாட்டியிடம் தனியாகப் பேசுங்கள், தாத்தா பக்கத்தில் இல்லாத நேரமாகப் பார்த்து.